தொழுகைப் பாயில் கிடந்த பருக்கை

அது சோற்றுப் பருக்கை என்றுதான் நினைத்தேன்.

நடுப்பகல் ளுஹர் தொழுதுவிட்டுப் பாயை மடிக்கக் குனிந்தபோது, கால் வைக்கும் பக்கத்தில் ஒரு பருக்கை காய்ந்து கிடந்தது. அன்று நேரத்தோடு சோறு தின்றிருந்தேன். கத்தரிக்காய்ப் பால்கறியும் கருவாட்டுப் பொரியலும். உடுப்பில் ஒட்டிக்கொண்டு வந்து விழுந்திருக்கும் என்று பட்டது. விழுந்த சோற்றை ஷைத்தானுக்கு விடக்கூடாது, எடுத்துத் தூசு தட்டி வாயில் போடவேண்டும் என்று எங்கள் உம்மா சின்னதிலேயே பழக்கியிருந்தார். அறுபத்தெட்டு வயதாகியும் அந்தப் பழக்கம் கையை விட்டுப் போகவில்லை. எடுத்தேன், ஊதினேன், பிஸ்மி சொன்னேன், வாயில் போட்டேன்.

கடித்த பிறகுதான் சந்தேகம் வந்தது. காய்ந்த சோறு பல்லில் நறுக்கென்று உடையும். இது உடையவில்லை, வளைந்து கொடுத்தது. எச்சில் பட்டதும் இளகிக் கொழகொழவென்று நாக்கில் ஒட்டியது. ருசி என்று ஒன்றும் இல்லை. கத்தரிக்காய் விதையாக இருக்கும் என்று எண்ணி விழுங்கிவிட்டேன்.

அப்போதுதான் பாயின் மற்ற மூலையைப் பார்த்தேன். அந்த மூலையில் எங்கள் பூனை படுக்கும். நான் தொழும்போது அது அங்கே வந்து சுருண்டுகொள்ளும், நான் எழும்பினால் அதுவும் எழும்பும். அது எழும்பிப் போன இடத்தில் இன்னும் ஒரு பருக்கை கிடந்தது. வெள்ளையாக, ஈரமாக. சோறு இவ்வளவு வெள்ளையாக வேகாதே என்று குனிந்து பார்த்தால், அது நீண்டது. நீண்டு, பிறகு சுருங்கியது. சுருங்கி, ஒரு பக்கத்தைத் தூக்கிக்கொண்டு, பாயில் போட்டிருந்த பூப்படத்தின் மேல் மெல்ல நகர்ந்து போனது.

நான் கிணற்றடிக்கு ஓடினேன். என் வயதில் ஓடக்கூடாது, ஆனாலும் ஓடினேன். வயிற்றில் இருந்தது எல்லாம் வந்தது. பால்கறி, கருவாடு, சோறு. அந்தச் சோற்றைப் பார்த்ததும் மறுபடியும் வந்தது. உப்புத் தண்ணீரில் வாயைக் கொப்பளித்து, கரித்தூளால் பல்லைத் தேய்த்து, நாக்கை வழித்து வழித்து இரத்தமே வந்துவிட்டது. பாயை மூன்று தரம் சவர்க்காரம் போட்டுக் கழுவிக் கொடியில் போட்டேன்.

இதை யாருக்கும் சொல்வதில்லை என்று அன்றைக்கே முடிவு செய்தேன்.

பின்னேரம் பூனையைப் பிடித்து வாலைத் தூக்கிப் பார்த்தேன். அதுவரைக்கும் நான் ஒரு பூனையின் வாலைத் தூக்கிப் பார்த்தவள் இல்லை. பார்க்க வெட்கமாகவும் இருந்தது. வாலுக்குக் கீழே மயிரில் நாலைந்து காய்ந்த மணிகள் ஒட்டியிருந்தன. மஞ்சள் நிறம். வெள்ளரிக்காய் விதையைச் சின்னதாக்கியது போல. நான் தின்றது அதில் ஒன்றுதான். பூனையின் வயிறு உப்பி, முதுகெலும்பு தெரிந்தது. இதை எப்படிக் கவனிக்காமல் விட்டேன்?

அதற்குப் பிறகுதான் இன்னொரு நினைப்பு வந்தது. அந்த மாதத்தில் பாயில், கதிரையில், கட்டில் விளிம்பில் என்று எத்தனையோ பருக்கை பொறுக்கியிருக்கிறேன். கண் மங்கிப்போன காலம் இது. அதில் எது சோறு, எது சோறு இல்லை? அன்றிலிருந்து நான் சோறு தின்பதை நிறுத்திவிட்டேன்.

பூனை எங்களிடம் வந்தது என் கணவர் என்னை விட்டு மௌத்தான வருஷம். யாரும் கொண்டுவந்து தரவில்லை. மழையில் நனைந்து வந்து குசினி அடுப்படியில் நின்றது, போகவில்லை. அடுத்த வருஷம் மகள் கலியாணம் முடித்துக் கண்டி டவுனுக்குப் போய்விட்டாள். அலவத்துகொடையில் இந்த வீட்டில் நானும் அதுவும்தான். நான் பேச்சுக் குறைந்தவள். பூனையும் அப்படியே. பசித்தால்கூடக் கத்தாது, வந்து முன்னால் இருக்கும். அதனால் எங்களுக்கு ஒத்துப்போனது.

மகளுக்கு அப்போது வயிற்றில் ஏழு மாதம். முதல் பிள்ளைக்கு உம்மா வீட்டுக்கு வருவதுதான் எங்கள் பக்கத்து வழக்கம். எட்டு மாதத்தில் வந்து, பிள்ளை பெற்று, நாற்பது நாள் கழித்துத்தான் திரும்பிப் போவார்கள். அறையை வெள்ளையடித்து வைத்திருந்தேன். அந்த வெள்ளிக்கிழமை மகள் சும்மா பார்த்துவிட்டுப் போக வந்தாள். வந்து கதிரையில் இருந்தவள் தடாரென்று எழும்பினாள்.

"உம்மா! எனத்த இது? நகருதே!"

மெத்தையில் ஒன்று. நான் சொல்லுமுன் அவள் போன் வெளிச்சத்தை அடித்துப் பார்த்துவிட்டாள்.

"சீச்சீ! பூனைட பொறத்தால வந்த பூச்சி. எத்தன நாளா இப்பிடி ஈக்கி?"

"தெரியா மகள்."

"தெரியாதா? இதோடதான் ஒரே ஊட்டில ஈக்கிறீங்க. உம்மா, நான் வார நேரம் இது சுத்தமா ஈக்கணும். ஒரு பூச்சி கண்டாலும் நான் வாரல்ல. மாமிட ஊட்டிலேயே பெத்துக்கொள்ற. இல்லாட்டிப் பூனைய மீன் மார்க்கட்டுப் பக்கம் அனுப்பிடுங்க."

"மீன் மார்க்கட்டிலயா?"

"ஓ. அங்க தலையும் செதிலும் தின்னட்டும். ஒரு மாசம் ஈக்கி, ஒங்களுக்கு."

அவள் கோபத்தில் சொல்லவில்லை, அருவருப்பில் சொன்னாள். கோபம் என்றால் ஆறிவிடும். நிலத்தில் கிடந்ததை விரலால் எடுத்து வாயில் போடும் பிள்ளை ஒன்று இந்த வீட்டில் தவழப் போகிறது. அவள் சொன்னது நியாயம்தான். நிலத்தில் கிடந்ததை எடுத்து வாயில் போட்டவள் நானே அவளுக்கு எதிரில் நின்றுகொண்டிருந்தேன்.

அடுத்த நாள் கடைவீதி மருந்துக்கடைக்கு, பாமசிக்குப் போனேன். அங்கே நிற்பவர் நடுத்தர வயது ஆள். முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு மெல்லச் சொன்னேன், "பூச்சி மருந்து."

"புள்ளைக்கா?"

பின்னால் நாலு பேர் நின்றார்கள். பூனைக்கு என்றால், எந்தப் பூனை, என்ன பூச்சி, எங்கே கண்டீர்கள் என்று கேட்பார். அதற்கெல்லாம் நான் அத்தனை பேருக்கு முன்னால் பதில் சொல்வதா?

"ஓ," என்றேன்.

"எத்தன வயசு?"

பூனைக்கு என்ன வயதோ அதைச் சொன்னேன். "மூணு."

"மூணு வயசுப் புள்ளையா? ராவைக்குத் தூங்க முந்தி ஒரு கரண்டி. இனிப்பாத்தான் ஈக்கும், ஆசையாக் குடிக்கும்."

ஆசையாகக் குடிக்கவில்லை. வாயில் ஊற்றியதும் நுரை நுரையாகத் தள்ளி, தலையை உதறி, என் முகத்தில் எல்லாம் தெறித்தது. செம்மஞ்சள் நிறம், தோடம்பழ வாசனை. பூனையின் எச்சிலும் தோடம்பழமும் கலந்த மணத்தை நான் இனி மறக்க ஏலாது.

எங்கள் காலத்தில் பூச்சி மருந்து குடித்தால் அடுத்த நாள் உம்மாமார் ஒருவரை ஒருவர் கேட்பார்கள், எத்தனை விழுந்தது என்று. விழுந்தால் மருந்து நல்லது. விழாவிட்டால் மருந்து கூடாது. எனக்குத் தெரிந்த கணக்கு அதுதான். ஆகவே விழுகிறதா என்று பார்க்கவேண்டும். பூனை தோட்டத்தில் போய் மண்ணைக் கிளறி மூடிவிட்டு வருவதால், அதை வீட்டுக்குள்ளேயே வைத்துக்கொண்டு, பழைய பேசின் ஒன்றில் மணலைக் கொட்டிப் பின்பக்கக் குளியலறையில் வைத்தேன். ஒரு நாளைக்கு இரண்டு தரம் ஈர்க்கால் கிளறிப் பார்த்தேன். மூக்கில் முந்தானை, கண்ணில் கண்ணாடி. முந்தானையையும் தாண்டி அந்த நாற்றம் தொண்டைக்குள் வந்து இருக்கும். தேத்தண்ணி குடித்தாலும் போகாது.

பக்கத்து வீட்டில் இருப்பவள் என் கணவருடைய தங்கை, அவரை நானா என்று கூப்பிட்டு வளர்ந்தவள். வாய் சும்மா இருக்காது. ஒரு காலை, சொல்லாமல் வந்து பின்கதவில் நின்றாள்.

"மதினி, எனத்த தேடுறீங்க? மோதிரம் விழுந்திட்டா?"

"ஒண்டும் இல்ல."

"ஒண்டும் இல்லாததையா ஈர்க்குப் போட்டுக் கிளறுறீங்க?" கிட்ட வந்து எட்டிப் பார்த்தாள். "அல்லாஹ்வே! எங்கட நானா மௌத்தாகி மூணு வருஷம், நீங்க பூனைட பீயில குறி கேக்குற மாதிரிப் பால் பாக்குறீங்க!"

எனக்குச் சிரிப்பும் வந்தது, குமட்டலும் வந்தது. பூச்சி மருந்து கொடுத்த கதையைச் சொன்னேன். தின்ற கதையைச் சொல்லவில்லை.

"பப்பாசி விதைய அரைச்சுக் குடுங்க. இல்லாட்டிப் பூனை டொக்டர்ட போங்க. மாட்டுக்கும் நாய்க்கும் பாக்குற இடத்தில பூனைக்கும் பாப்பாங்க."

நாலு நாள் கிளறினேன். ஒன்றும் விழவில்லை. ஆனால் பருக்கைகள் மட்டும் முன்போலவே. கட்டில் விளிம்பில் இரண்டு. குசினிப் படியில் ஒன்று, எறும்பு இழுத்துக்கொண்டு போனது. மருந்து வேலை செய்யவில்லை என்று எனக்கு விளங்கியது.

மிருக ஆஸ்பத்திரிக்குத் திரீவீலில் போனேன். பூனையைச் சந்தைக் கூடைக்குள் வைத்து, மேலே துவாய் கட்டி, மடியில் வைத்துக்கொண்டேன். வழியெல்லாம் அது கூடைக்குள் இருந்து என் கையை நக்கியது. எதை நக்கிய நாக்கு என்று நினைத்ததும் கையை இழுத்துக்கொண்டேன்.

டொக்டர் சிங்களப் பொடியன். என் மகளைவிட இளமை. தமிழ் கொஞ்சம் தெரியும், அதுவும் எங்கே பழகினாரோ, சொல்லக்கூடாத சொல் எல்லாம் வெட்கமில்லாமல் வரும். இருபது பேர் நாய், ஆட்டுக்குட்டி, கோழி என்று வைத்துக்கொண்டிருந்த மண்டபத்தில், மேசைக்கு அந்தப் பக்கம் இருந்து பலமாகக் கேட்டார்.

"அம்மே, பூனைட பீ எப்பிடி? தண்ணியா, கட்டியா?"

என் அறுபத்தெட்டு வயதில் எந்த ஆம்பிளைக்கு முன்னாலும் நான் அந்தச் சொல்லைச் சொன்னதில்லை. வீட்டில்கூட வெளிக்குப் போவது என்றுதான் சொல்வோம். அவர் அதைச் சோறு, கறி என்று சொல்வது போலச் சொல்லிவிட்டு என் பதிலுக்குக் காத்திருந்தார். ஆட்டுக்குட்டியைப் பிடித்திருந்தவரும் என்னைப் பார்த்தார். நான் பையிலிருந்து சின்னப் போத்தலை எடுத்து மேசையில் வைத்தேன். அதற்குள் இரண்டு பருக்கை.

டொக்டர் போத்தலைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தார். சந்தோஷப்பட்டார்.

"ஆ! நல்ல அம்மே. எல்லாரும் கதை கொண்டு வாறது. நீங்க சாமான் கொண்டு வந்தது."

அவர் விளங்கப்படுத்தினார். உள்ளே இருப்பது நாடா மாதிரி நீண்ட பூச்சி. அது குடலில் பிடித்துக்கொண்டு இருக்கும். இந்தப் பருக்கை அதன் துண்டு. துண்டு துண்டாகக் கழன்று வெளியே வந்து, ஈரமாக இருக்கும்வரை நகரும், பிறகு காய்ந்து மணி போல ஆகும். துண்டுக்குள் முட்டை. அந்த முட்டையைத் தெள்ளுப்பூச்சியின் குஞ்சு தின்னும். குஞ்சு தெள்ளாகி, பூனை மேல் ஏறிக் கடிக்கும். பூனை, அது கடித்த இடத்தை நக்கித் தெள்ளை விழுங்கும். விழுங்கினால் மறுபடியும் நாடா.

"பாமசி மருந்து குடுத்தேன்," என்றேன் மெதுவாக.

"எந்த மருந்து?" என்று கேட்டு, பெயரைக் கேட்டதும் தலையில் கை வைத்தார். "அது மனுசப் புள்ளைக்கு. இந்தப் பூச்சிக்குச் சரி வராது. இனிக் கேக்காம ஒண்டும் குடுக்க வேணாம். சில மருந்துல பூனை செத்துப் போகும்."

பூனையை நிறுத்துப் பார்த்து ஒரு குளிசை மாத்திரை தந்தார், துப்பிவிட்டால் என்று இன்னொன்றும் தந்தார். கழுத்துக்குப் பின்னால் விடச் சொல்லித் தெள்ளு மருந்தும். வேறு வகைப் பூச்சியும் உள்ளே இருக்கலாம், குளிசை அதற்கும் சேர்த்துத்தான் என்றார்.

"இந்த நாடாப் பூச்சி விழாது, அம்மே. உள்ளேயே கரைஞ்சு போகும். விழல்ல எண்டு யோசிக்க வேணாம். மத்தப் பூச்சி விழுந்தா விழும். அது வேற மாதிரி. இடியப்பம் தெரியும்தானே? இடியப்பத்தில ஒரு நூல். அப்பிடி."

ஏற்கனவே சோறு போயிருந்தது. அன்றைக்கு இடியப்பமும் போனது.

"எப்பிடித் தெரியும், நல்லா வந்தது எண்டு?" என்று கேட்டேன்.

"ரெண்டு மூணு நாள் பருக்கை வரலாம், பயமில்ல. பிறகு வரக்கூடாது. வாலுக்குக் கீழ சுத்தமா இருக்க வேணும். வயிறு இறங்கும், மயிர் மினுங்கும். ரெண்டு கிழமையால, பதினாலு நாள்ல, பீ கொண்டு வாங்க. பெரிசாக் காட்டுற கண்ணாடியில பாப்போம். கொஞ்ச நாள் கழிச்சுப் பருக்கை திரும்பி வந்தா, மருந்து பிழை இல்ல, தெள்ளு இன்னும் இருக்கு. எல்லாத் துணியும் சுடுதண்ணியில போடுங்க."

ஒன்று கேட்கவேண்டும் என்று நாக்கு நுனிவரை வந்தது. மனுசர் தின்றால்? மண்டபத்தைப் பார்த்தேன். கேட்கவில்லை.

குளிசையை டின் மீனுக்குள் வைத்துக் கொடுத்தேன். மீனைத் தின்றுவிட்டு, குளிசையை நக்கித் துடைத்து வெள்ளையாகப் பீங்கான் தட்டில் விட்டது. பிறகு என் கணவருடைய பழைய சாரத் துணியால் பூனையைச் சுற்றி, வாயைத் திறந்து உள்ளே தள்ளி, தொண்டையைத் தடவிவிட்டேன். விழுங்கியது என்று சந்தோஷப்பட்டேன். அரைமணிநேரம் கழித்து, அலுமாரிக்குப் பின்னால் ஈரமான குளிசை கிடந்தது. அதில் மயிரும் தூசும் ஒட்டியிருந்தன. இரண்டாவதைத்தான் அது உண்மையில் விழுங்கியது. வாயைத் திறந்து நாக்குக்குக் கீழே விரல் விட்டுத் தேடினேன். என் மகளின் வாயில்கூட அப்படி விரல் விட்டுத் தேடியதில்லை.

அதற்குப் பிறகுள்ள நாட்களை நினைத்தால் இன்றைக்கும் எச்சில் ஊறுகிறது, வாந்திக்கு முன்னால் ஊறும் எச்சில்.

முதல் நாள் தண்ணியாகப் போனது, கறுப்பாக, அப்படி ஒரு நாற்றம் வீடு முழுக்க. அடுத்த நாள் மணலைக் கிளறும்போது ஈர்க்கில் ஒன்று சுற்றிக்கொண்டு வந்தது. டொக்டர் பொய் சொல்லவில்லை. இடியப்பத்தில் ஒரு நூல். வெள்ளையாக, முனை கூராக, ஒரு பக்கம் சுருண்டு. செத்ததுதான் என்று நினைத்துக் கிட்டப் பார்த்தேன். அது சோம்பலாக ஒரு தரம் புரண்டது. ஈர்க்கை எறிந்துவிட்டுச் சுவரில் சாய்ந்துகொண்டேன். பிறகு திரும்பி வந்து அதைப் பார்த்தேன், ஏனென்றால் விழுந்திருக்கிறதே. மருந்து வேலை செய்கிறது. அருவருப்பில் உடம்பெல்லாம் புல்லரித்துக்கொண்டு, அல்ஹம்துலில்லாஹ் என்று சொன்னேன். பிறகு அந்த இடத்தில் நின்று அல்லாஹ்வின் பெயரைச் சொன்னதற்கு வெளியே வந்து மன்னிப்புக் கேட்டேன்.

மூன்றாம் நாள் வாலில் ஒரு பருக்கை. நாலாம் நாள் இல்லை. ஐந்தாம் நாள் இல்லை. பாய், போர்வை, கதிரை உறை, தொழுகை விரிப்பு முஸல்லா எல்லாவற்றையும் அண்டாவில் போட்டுக் காய்ச்சினேன். தண்ணீரில் செத்த தெள்ளுகள் மிளகுத்தூள் போல மிதந்தன. மிளகும் போனது என்று நினைத்தேன். நாத்தனார் வந்து, "மதினி, சூப் கொதிக்குதா?" என்று கேட்டுவிட்டு, நான் பார்த்த பார்வையில் திரும்பிப் போனாள்.

நான் பாண் ரொட்டியும் வாழைப்பழமும் தின்று நாளைக் கடத்தினேன். உலையில் அரிசி கொதிக்கும்போது பருக்கைகள் மேலும் கீழும் போய் வருமே, அதை என்னால் பார்க்க முடியவில்லை. எல்லாம் உயிரோடு நகர்வது போலவே இருந்தது.

ஒன்பதாம் நாள் தொழும் பாயின் மூலையில், பூனை எழும்பிப் போன இடத்தில், ஒரு பருக்கை கிடந்தது.

 மகள் வருவதற்கு இரண்டு வாரம்கூட இல்லை. வெள்ளையடித்த அறையும் போச்சு, பூனையும் போச்சு என்று நினைத்தேன். ஈர்க்கால் அதைத் தள்ளி, தேத்தண்ணிக் கோப்பைத் தட்டில் போட்டுக் கொஞ்சம் தண்ணீர் விட்டு, பக்கத்தில் குந்திக்கொண்டேன். பின்னேரத் தொழுகையான அசருக்குப் பாங்கு சொல்லும்வரை பார்த்தேன். அது ஊறியது. ஊறி வெள்ளையாகி, பெருத்து, விரலால் அமுக்க மாவாகப் பிரிந்தது. சோறு. பூனைக்குப் போட்ட மீன்சோறு, அதன் மீசையில் ஒட்டி வந்தது. நகரவில்லை. ஒரு சோற்றுப் பருக்கையைக் கண்டு நான் அழுதது அன்றைக்குத்தான். முந்தியென்றால் அதை எடுத்து வாயில் போட்டிருப்பேன். அன்று வெளியே கோழிக்கு எறிந்தேன்.

இரண்டு கிழமை முடிந்ததும், டொக்டர் கேட்ட சாமானை யோகட் கோப்பையில் போட்டு, மூடி, மூன்று பைக்குள் வைத்து எடுத்துப் போனேன். பஸ்ஸில் பக்கத்தில் இருந்த பொம்பிளை, "மணக்குது, எனத்த கருவாடா?" என்று கேட்டாள். "ஓ," என்றேன். அந்தப் பொய்க்கு என்ன தண்டனையோ தெரியாது.

டொக்டர் உள்ளே போய்க் கண்ணாடியில் பார்த்துவிட்டு வந்தார். மண்டபத்தில் அன்றும் கூட்டம். கையைத் தூக்கிச் சொன்னார்.

"அம்மே, நல்ல பீ! முட்டை இல்ல. ஒண்டுமே இல்ல."

மண்டபத்தில் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். வெட்கத்தில் செத்துவிடுவேன் என்று நினைத்தேன். சாகவில்லை. நாயோடு இருந்த ஒரு பெரியவர் சந்தோஷமாகத் தலையாட்டினார், பரீட்சை பாஸ் பண்ணியது போல. அந்தத் துணிவில்தான் கேட்டேன் போல.

"டொக்டர், ஒரு புள்ள தவறி அந்தப் பருக்கையத் தின்னுட்டா?"

"எத்தன வயசு?"

பாமசியில் சொன்னது போல இங்கேயும் ஏதாவது சொல்லியிருக்கலாம். வாய் தானாகத் திறந்தது.

"அறுவத்தெட்டு."

அவர் என்னைப் பார்த்தார். சிரிக்கவில்லை. அதற்காக நான் அவருக்கு துஆச் செய்கிறேன். மேசைக்கு மேலால் குனிந்து, முதல் தடவையாக மெதுவாகப் பேசினார். "அந்தத் துண்டைத் தின்னா ஒண்டும் வராது, அம்மே. தெள்ளை விழுங்கினாத்தான் வரும். மனசுக்கு ஒரு மாதிரி எண்டா மனுச டொக்டருக்கு ஒருக்காக் காட்டுங்க." பிறகு பூனைக்கு அடுத்த குளிசையைத் தந்து அனுப்பினார்.

மகள் வெள்ளிக்கிழமை வந்தாள். வந்ததும் பையை வைக்கவில்லை, போன் வெளிச்சத்தோடு கதிரை, மெத்தை, கட்டில், பூனையின் வால் எல்லாம் பார்த்தாள். பூனையின் வயிறு இறங்கியிருந்தது, மயிர் மினுங்கியது. "சரி உம்மா," என்று கதிரையில் இருந்தாள். அவ்வளவுதான் சொன்னாள். எனக்கு அது போதும்.

பகலுக்கு அவளுக்கென்று சோறும் கோழிக்கறியும் ஆக்கியிருந்தேன். வடிக்கும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் வடித்தேன். அவள் ஆசையாகத் தின்றாள். நான் பாணைப் பிய்த்துக்கொண்டிருந்தேன். அவள் வாய்க்குக் கொண்டுபோன பிடியில் இருந்து ஒரு பருக்கை தவறி, பெரிய வயிற்றின் மேல் விழுந்து, உருண்டு, பக்கத்துக் கதிரை மெத்தையில் போய் நின்றது. பூனை படுக்கும் மெத்தை. மகள் இடது கையால் இடுப்பைப் பிடித்துக்கொண்டு வளைந்து, அதை எடுத்தாள், ஊதினாள், பிஸ்மி என்றாள்.

நான் எப்போது எழும்பினேன் என்று தெரியாது. அவளுடைய மணிக்கட்டை இறுக்கிப் பிடித்திருந்தேன்.

"உம்மா! நோகுது, விடுங்க!"

"போடாத. தா அத."

"சோறு உம்மா!"

"தா செல்றனே!"

பிடுங்கிக்கொண்டு யன்னலடிக்குப் போய், வெளிச்சத்தில் பிடித்து, நகத்தால் நசித்துப் பார்த்தேன். மாவாகப் பிளந்தது. சோறுதான். திரும்பினால் மகள் பீங்கானைத் தள்ளிவிட்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பூனைக்கு நல்லாகல்ல. அப்பிடித்தானே? எனக்குப் பொய் சென்னீங்க."

"நல்லாகிட்டு மகள். டொக்டர் பாத்த."

"அப்ப ஏன் இப்பிடிப் பிடுங்குறீங்க? நான் மாமிக்குக் கோல் எடுக்கிற."

போனை எடுத்தும் விட்டாள். நான் பேசாமல் இருந்தால் அவள் போய்விடுவாள். சொன்னால் என்னைப் பார்த்து அருவருப்பாள். இரண்டில் ஒன்றுதான்.

"பூனைக்கு நல்லாகிட்டு," என்றேன். "எனக்குத்தான் நல்லாகல்ல."

சொன்னேன். ளுஹர், பாய், பருக்கை, பிஸ்மி, வளைந்து கொடுத்தது, இளகியது, விழுங்கியது எல்லாம். சொல்லச் சொல்ல அவள் முகம் வாடிய வாழை இலை போல ஆனது. வாயைப் பொத்திக்கொண்டு எழும்பிக் குழாயடிக்குப் போய்விட்டாள். வாந்தியெடுக்கும் சத்தம் கேட்டது. நான் பின்னால் போய் முதுகைத் தடவப் போனேன். கையைத் தட்டிவிட்டாள்.

"தொடாதீங்க உம்மா! அல்லாஹ்வே. எத்தன தின்னீங்க?"

"ஒண்டு." பிறகு உண்மையைச் சொன்னேன். "தெரிஞ்சு ஒண்டு."

மறுபடியும் குனிந்துகொண்டாள். முகம் கழுவி நிமிர்ந்தபோது கண்ணெல்லாம் சிவந்திருந்தது. என்னைப் பார்த்தாள், பாண் துகள் ஒட்டியிருந்த என் கையைப் பார்த்தாள்.

"அதுக்குத்தானா சோறு தின்னாமப் பாண் தின்னுறீங்க? மாமிக்கும் மச்சான்மாருக்கும் இத நான் எப்பிடிச் செல்ற?"

"செல்லாத."

"செல்லல்ல. செல்லவும் ஏலாது." துவாயால் வாயைத் துடைத்தாள். "புள்ள பொறந்தா, அதக் கொஞ்சுறதுக்கு முந்தி மூணு தரம் வாய் கழுவணும். நான் பக்கத்தில நிண்டு பாப்பன்."

"சரி மகள்."

அவள் போனை மேசையில் கவிழ்த்து வைத்துவிட்டு, அறைக்குள் போய்க் கட்டிலில் சாய்ந்துகொண்டாள். அவள் கொண்டுவந்த பை கதவடியில் இருந்தது. அதைத் தூக்கி உள்ளே கொண்டுபோய் அலுமாரிப் பக்கம் வைத்தேன். அவள் வேண்டாம் என்று சொல்லவில்லை.

நசித்த பருக்கை இன்னும் என் நகத்தில் ஒட்டியிருந்தது. சோறு என்று நன்றாகத் தெரியும். வாய்வரைக்கும் கொண்டுபோனேன். போகவில்லை. பூனைக்கு முன்னால் நீட்டினேன். அது மோந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது.